நிறுத்தி வைத்த பாட்டு

கடல் கடந்த ஒரு தீவின் பாட்டுக்கு எங்கள் பிரிக்ஃபீல்ட்ஸ் பகுதியில் ஒரு பெண்மணிக்கு ஏன் சாமி வந்தது? இந்தக் கேள்விக்கு இன்றுவரை என்னிடம் பதில் இல்லை. உன்னிடம் இருந்தது. அதை நான் ஏற்றுக்கொள்ளவில்லை. நீயும் அதைப் பற்றிக் கவலைப்பட்டதில்லை.

இன்று மதியம் உன் கணவர் கிள்ளானிலிருந்து வந்து உன் ஸ்பீக்கரைப் பையோடு கொடுத்துவிட்டுப் போனார். "அவ ஒங்ககிட்டதான் குடுக்கச் சொன்னா," என்றார். தேநீர் வேண்டாம் என்றார், பிறகு குடித்தார். அவர் போனபின் பையைத் திறந்தேன். முழங்காலுக்கு நீ தேய்க்கும் தைலத்தின் வாசனை முகத்தில் அடித்தது. நாளை ஞாயிறு. உன் காரியம் முடிந்தபின் வரும் முதல் நடன வகுப்பு. பையை மூடிவிட்டு இதை எழுத உட்கார்ந்தேன்.

அம்மா இறந்தபின் ஷா ஆலம் தொழிற்சாலையின் ஆய்வகத்துக்கும் வீட்டுக்குமாக மட்டும் நான் கார் ஓட்டிக்கொண்டிருந்த காலத்தில் நீ அழைத்தாய்.

"ஆன்டிங்களுக்கு டான்ஸ் எக்சர்சைஸ் சொல்லிக்குடுக்கப் போறேன். நீயும் வாடி."

"எனக்கு ஆட வராது."

"யாருக்குடி வருது? வந்து பாரு, சிரிச்சுட்டாவது போ."

எங்கள் அடுக்குமாடிக்குப் பின்னால் இருக்கும் சிறிய மண்டபத்தில் வகுப்பு. ஞாயிறு காலையில் நீ கிள்ளானில் கோமுட்டர் ரயில் ஏறி, இந்த ஸ்பீக்கரைத் தோளில் மாட்டிக்கொண்டு வந்து இறங்குவாய். உன் வீட்டுக்குப் பக்கத்திலேயே இதைவிடப் பெரிய மண்டபம் இருந்தது. ஏன் பிரிக்ஃபீல்ட்ஸ் என்று ஒருநாளும் நான் கேட்கவில்லை. இப்போதுதான் கேட்கத் தோன்றுகிறது.

நான் கடைசி வரிசையில், தூணுக்குப் பின்னால் நிற்பேன். தாளத்தை எண்ணிக்கொண்டே ஆடுவேன். எண்ணுவதால் எப்போதும் பிந்துவேன். "கணக்கு அப்புறம் பாக்கலாம், இப்ப ஆடு," என்று முன்னாலிருந்து கத்துவாய். பல்கலைக்கழக விடுதியில் ஒரே அறையில் இருந்த நாளிலிருந்தே என்னிடம் அதைத்தான் வேறு வேறு விதமாகச் சொல்லிக்கொண்டிருந்தாய்.

அந்தத் தீவுப் பாடகியின் பாட்டுகளை உனக்கு அனுப்பியது வெளிநாட்டில் படிக்கும் உன் மகள். கரீபியன் தீவுக்காரி. இன்றைய நகரத் தெருக்களில் கேட்கும் ரெகெட்டோன் அடியில் தொடங்குவாள். கொஞ்ச நேரத்தில் அவள் ஊர்க்காரர்கள் ஆடும் மெரெங்கே அதன்மேல் ஏறிக்கொள்ளும். இடுப்பைத் தனியாக ஆட்டச் சொல்லவே வேண்டாம். எனக்குக்கூட. ஒரு பாட்டில் மட்டும், நடுவே கணினி ஒலி எல்லாம் நின்று, நீளமான தோல் மேளங்கள் தனியாக முழங்கும். அவள் கரகரத்த குரலில் ஒரு வரி பாட, கூட்டம் திருப்பிப் பாடும். உனக்கு உயிர் அந்தப் பாட்டு.

முதல் தடவை நீ அதைப் போட்டபோது மேளம் தொடங்கியதும் நம் பெண்கள் என்ன செய்தார்கள்? நீ சொல்லிக்கொடுத்த அடியை விட்டுவிட்டு, பத்துமலையில் காவடிக்கு முன்னால் ஆடும் அடியைப் போட ஆரம்பித்தார்கள். யாரும் சொல்லவில்லை, கால்கள் தாமாகவே போயின. நீ விழுந்து விழுந்து சிரித்தாய். அப்போது பார்வதி ஆன்டியின் கொண்டை அவிழ்ந்தது. டிராக் பேன்ட்டும் டீ சட்டையும் போட்டிருந்த அந்த அமைதியான மனுஷி நாக்கைக் கடித்துக்கொண்டு சுழன்றார்.

"சாமி வந்துருச்சு! பாட்ட நிறுத்துங்க!" என்று பெண்கள் கத்தினார்கள்.

"சட்டுனு நிறுத்தாதீங்க," என்றாய் நீ. உறுமி அடிப்பவர்கள் தணிப்பதுபோல ஒலியைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்தாய். யாரோ திருநீறு எடுக்க மாடிக்கு ஓடினார்கள். கோகிலா அக்கா மட்டும், "இருங்க லா, மொதல்ல நாலு நம்பர் கேளுங்க!" என்றார். லாட்டரிச் சீட்டு அவருக்கு எப்போதும் நினைவிருக்கும்.

அன்று எனக்குக் கோபம். வீட்டுக்கு வந்து பாட்டின் மொழிபெயர்ப்பைத் தேடிப் படித்து உன்னைக் கூப்பிட்டேன். "அது சாமி பாட்டே இல்ல. போனே எடுக்காத காதலன ஒருத்தி திட்டுறா."

"சாமியும் பொம்பளதானடி. அவளுக்குப் புரிஞ்சிருக்கும்."

பிறகு இன்னொன்றும் படித்தேன்: அந்தத் தீவிலும் அந்த மேளத்துக்கு ஆட்கள்மேல் ஆவி இறங்குமாம். சொன்னதும், "பாத்தியா!" என்றாய். அது வெறும் ஒற்றுமை, விளக்கம் ஆகாது என்றேன். "சரி, ஒத்துமையாவே இருக்கட்டும்," என்றாய். இப்போதும் என் கருத்து மாறவில்லை.

ஆனால் மற்றவர்கள் பயந்துவிட்டார்கள். ஆன்டி வயதானவர், உடம்புக்கு ஏதாவது ஆகிவிட்டால்? அந்தப் பாட்டு இனி வேண்டாம் என்றார்கள். நீ வாதாடவில்லை. அதன்பின் ஒவ்வொரு ஞாயிறும் பட்டியலில் அந்தப் பாட்டின் இடம் வந்ததும் போனைக் குனிந்து பார்த்து அதைத் தள்ளிவிட்டு அடுத்த பாட்டுக்குப் போவாய். பின்வரிசையிலிருந்து உன் கழுத்து குனிவதை மட்டும் நான் பார்ப்பேன்.

மருத்துவமனையில் பேசவே உனக்கு மூச்சு வாங்கியபோது கேட்டாய். "நான் போனப்புறம் ஒரு தடவ அந்தப் பாட்டப் போடுடி. ஆன்டிகிட்ட கேட்டுட்டுப் போடு. அவங்ககிட்ட நேரா கேக்க எனக்கு மனசு வரல." சரி என்றேன். இறந்தவர்களுக்குக் காது கேட்காது என்று நம்புகிறவள் நான். இருந்தும் சரி என்றேன்.

நாளை ஆன்டி மறுத்தால் என்ன செய்வேன் என்று தெரியவில்லை. மறுப்பை மீறிப் போட மாட்டேன். அதை நீயே விரும்பமாட்டாய். பாட்டுக்குப் பயந்து பெண்கள் கலைந்துபோனால் வகுப்பும் அதோடு முடிந்துவிடும். எனக்கு இன்னும் அடி பிந்துகிறது. ஆனால் ஆய்வகத்தில் கருவியின் முடிவுக்காகக் காத்திருக்கும்போது என் வலது கால் தரையைத் தட்டுகிறது. பக்கத்து மேசைப் பையன்கள் சிரிக்கிறார்கள். அம்மா போன வருடத்தில் அசையாமல் கிடந்த கால் அது. உனக்கு நன்றி என்று நேரில் சொல்லியிருந்தால், "போடி, சினிமா வசனம்," என்றிருப்பாய். அதனால் எழுதி வைக்கிறேன்.

ஞாயிறு மாலை. நடந்ததை மட்டும் எழுதுகிறேன். மழை. பாதிப் பேர்தான் வந்தார்கள். பார்வதி ஆன்டி வந்திருந்தார். எல்லார் முன்னாலும் அவரிடம் கேட்டேன்.

"நான் எப்பம்மா வேணாம்னு சொன்னேன்? நீங்கல்லாம் பேசிக்கிட்டு நிறுத்திட்டீங்க. என்னை ஒருத்தர்கூடக் கேக்கல. அவளாவது கேப்பான்னு பாத்தேன்," என்றார். "போடு."

தூணுக்குப் பின்னால் நின்று வகுப்பை நடத்த முடியாது என்பதால் உன் இடத்தில் நின்றேன். மேளம் வந்ததும் அத்தனை பேரும் ஆன்டியையே பார்த்தார்கள். "என் மூஞ்சில என்ன இருக்கு? ஆடுங்க லா," என்று அவர் நிதானமாகக் காவடி அடி போட்டார். கொண்டை அவிழவில்லை. நின்றுவிட்டது நான்தான். தாளத்தின் எண்ணிக்கை விட்டுப்போய் அடி மறந்துபோனது. ஆன்டி ஆடிக்கொண்டே முன்வரிசைக்கு வந்து, டிராக் பேன்ட் பையிலிருந்த திருநீற்றை எடுத்து என் நெற்றியில் பூசினார்.

"சாமியெல்லாம் இல்ல ஆன்டி, அழுகைதான்," என்றேன்.

"தெரியும் லா. எதுக்கும் இருக்கட்டும்."

பாட்டை யாரும் நிறுத்தவில்லை. வீட்டுக்கு வந்தும் நான் நெற்றியைத் துடைக்கவில்லை.