சாத்தே கருகிய வாசனை

அன்புள்ள பாப்பாவுக்கு,

அம்மா எழுதுகிறேன். நானும் அப்பாவும் நலம். பதினான்கு மாதமாக உனக்கு எழுதிய கடிதங்களில் இந்த வார்த்தை வரும் இடத்தில் என் பேனா கொஞ்சம் நின்று நின்றுதான் போகும், இன்றைக்கு நிற்காமல் போகிறது, ஏன் என்று கீழே சொல்கிறேன். நீயும் அந்தத் துறைமுகக் கிரேன் உச்சியில் காற்றுக்கும் வெயிலுக்கும் ஈடுகொடுத்து உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல் இருக்க வேண்டும். அப்பாவுக்குப் பத்து நாளாகச் சளி, கைக்குட்டையும் கையுமாகத்தான் கண்ணாடிக் கடைக்குப் போய்வருகிறார், பயப்படும்படி ஒன்றும் இல்லை, அந்தச் சளியால் ஒரு நன்மைகூட நடந்திருக்கிறது. சித்தி வீடு மாறிவிட்டாள், புது வீட்டில் தண்ணீர் மட்டும்தான் சரியாக வருகிறது, மற்ற எல்லாவற்றையும் பற்றி எனக்கு நாளுக்கு இரண்டு போன் வருகிறது. இந்த விஷயத்தைப் போனில் சொல்லலாம் என்றுதான் அப்பா சொன்னார். நான் பேச ஆரம்பித்தால் அழுதுவிடுவேன், நீ எண்பது அடி மேலே உட்கார்ந்து இரும்புப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அதைக் கேட்க வேண்டாம். கீழே இறங்கி, சாப்பிட்டுவிட்டு, உட்கார்ந்து படி.

போன வருஷம் எனக்குக் காய்ச்சல் வந்ததே, நாலே நாளில் எழுந்துவிட்டேன் என்று உனக்குப் பெருமையாகச் சொன்னேனே, அதில் ஒரு பாதியை மறைத்துவிட்டேன். காய்ச்சல் போகும்போது என் மூக்கையும் கூட்டிக்கொண்டு போய்விட்டது. வாசனை என்று ஒன்றுமே இல்லை, பூவும் இல்லை, பினாயிலும் இல்லை. நாக்கில் உப்பு, புளிப்பு, இனிப்பு தெரியும், அதற்கு மேல் எதை மென்றாலும் அட்டையை மென்ற மாதிரி இருக்கும். ஒரு மாதத்தில் சரியாகிவிடும் என்று நினைத்து யாரிடமும் சொல்லவில்லை. அதற்குள் கேன்டீனில் பெரிய அண்டாவில் பருப்பு அடிப்பிடித்து, அது எனக்குத் தெரியாமல், பாட்டில் தொழிற்சாலை ஆட்கள் இருநூறு பேருக்கும் அதையே பரிமாறி, தட்டுகள் அப்படியே திரும்பி வந்தன. பதினெட்டு வருஷத்தில் என் சமையல் ஒரு தட்டில்கூடத் திரும்பி வந்ததில்லை பாப்பா. அதற்குப் பிறகு டாக்டரிடம் சீட்டு வாங்கி மேனேஜரிடம் காட்டினேன். அவர் பாவம் திட்டவில்லை, மூக்கு இல்லாம அடுப்புப் பக்கம் எப்படிக்கா நிக்கிறது, கேஸ் கசிஞ்சாக்கூட உங்களுக்குத் தெரியாதே, கொஞ்ச நாள் காய் நறுக்குங்க என்றார். அவர் சொன்னதில் தப்பே இல்லை, அதுதான் இன்னும் சுட்டது. கேன்டீனில் என்ன சமைத்தீர்கள் என்று நீ கேட்கும்போதெல்லாம் நான் சொன்ன பதில் வேறு யாரோ சமைத்தது. நான் அதற்கு வெங்காயம் உரித்தவள். வெங்காயம் கண்ணில் மட்டும் எரியும், மூக்கில் ஒன்றும் இருக்காது, அது எவ்வளவு விசித்திரமான அழுகை என்று உனக்குச் சொல்லத் தெரியவில்லை.

வீட்டில் உன் அப்பாதான் என் மூக்கு. முப்பது வருஷமாக அடுத்தவர் மூக்கை அளந்து கண்ணாடி மாட்டிவிட்ட மனுஷன், வீட்டுக்கு வந்தால் தாளிப்பு சிவந்ததா, பால் கெட்டதா, துணி ஈரவாடை அடிக்கிறதா என்று எனக்காக மோந்து சொல்லிக்கொண்டிருந்தார். டாக்டர் நாலு சின்னச் சீசா கொடுத்து, எலுமிச்சை, கிராம்பு, பன்னீர், தைலம், இதைக் காலையும் மாலையும் ஒவ்வொன்றாக மோந்து பாருங்கள், மூக்கு மறந்ததை மறுபடி படிக்க வேண்டும், வரலாம், வராமலும் போகலாம் என்றார். பள்ளிக்கூடப் பிள்ளை வீட்டுப்பாடம் மாதிரி ஒரு நாள் விடாமல் செய்தேன். ஆறாவது மாதம் ஒரு காலையில் காபி வாசனை வந்துவிட்டது என்று ஓடி வந்து அப்பாவிடம் சொன்னேன். அவருக்கும் சந்தோஷம் தாங்கவில்லை, உறுதி பண்ணிக்கொள்ளலாம் என்று ஒரு டம்ளரைத் தட்டால் முக்கால்வாசி மூடிக் கொண்டு வந்து நீட்டினார். ஆழமாக இழுத்து, காபிதான், நல்லாத் தெரியுது என்றேன். அவர் தட்டை எடுக்கவில்லை. எடுங்க என்றேன். உள்ளே வெந்நீர். என் மூக்கு ஒன்றையும் மோக்கவில்லை, மனசு பழைய ஞாபகத்தை எடுத்து நீட்டியிருக்கிறது. அன்றைக்கு அப்பா என் முகத்தைப் பார்க்க முடியாமல் அந்த வெந்நீரைத் தானே குடித்தார். அதற்குப் பிறகு எது வந்தாலும் இது வாசனையா ஞாபகமா என்று எனக்கே சந்தேகம், நம்ப முடியாத மூக்கு இருப்பதும் இல்லாததும் ஒன்றுதானே.

இப்படியே ஏழு மாதம் ஓடியபிறகுதான் உன் கடிதம் வந்தது. துறைமுக வாசலில் ஒருவர் வண்டி போட்டு, கோழியைக் குச்சியில் கோத்துக் கரியில் சுட்டு விற்கிறார், அதற்குப் பேர் சாத்தே, பத்து மணிக்கு அவர் விசிற ஆரம்பித்தால் அந்த வாசனை கிரேன் அறை வரைக்கும் ஏறி வந்து வேலை செய்யவிடாமல் பண்ணுகிறது என்று எழுதியிருந்தாய். செய்முறையையும் அவரிடமே கேட்டு எழுதியிருந்தாய். எனக்குச் சட்டென்று ஒன்று தோன்றியது. எலுமிச்சைப்புல் என்ற பொருளை நான் என் வாழ்நாளில் மோந்ததில்லை, சாத்தேயைக் கண்ணால்கூடப் பார்த்ததில்லை. தெரியாத வாசனையை ஞாபகம் எங்கிருந்து எடுத்து நீட்டும். அது வந்தால் மூக்கு வழியாகத்தான் வர வேண்டும். அப்பாவிடம் சொன்னேன். நீ அந்தப் புல்லை மோந்து மட்டும் பார்க்கலாமே, கோழி எதுக்கு என்றார். அந்த வாசம் எண்பது அடி ஏறுதாம், எனக்கு இப்ப அந்த மாதிரி ஒண்ணுதான் வேணும், சும்மா புல்லெல்லாம் பத்தாது என்றேன். காய்கறிக்காரம்மாவிடம் சொல்லிவைத்து ஒரு வாரம் கழித்துப் புல் வந்தது. அப்பா பழைய ஓவன் கம்பித் தட்டு ஒன்றைத் தேடிப்பிடித்து, இரும்பு வாளி மேலே வைத்து, பால்கனியில் அடுப்பு தயார் பண்ணினார்.

முதல் ஞாயிறு செய்ததைச் சாத்தே என்று சொல்ல வாய் வராது. குச்சியைத் தண்ணீரில் ஊறவைக்கச் சொல்லி நீ எழுதியிருந்ததை நான் கோழியை ஊறவைப்பது என்று படித்துவிட்டேன், குச்சி எல்லாம் ஊதுபத்தி மாதிரி எரிந்து கோழித் துண்டுகள் கரிக்குள் விழுந்தன. இடுக்கியால் எடுத்து, தட்டி, சாம்பலோடு அப்பா சாப்பிட்டார். இரண்டாவது ஞாயிறு குச்சி எரியவில்லை, ஆனால் நெஞ்சுக்கறி போட்டதால் செருப்புத் தோல் மாதிரி ஆகிவிட்டது. அதையும் சாப்பிட்டார், மெல்ல மெல்ல நல்லாருக்கு என்றார், நாற்பது தடவை மென்றபின் சொன்னது. எனக்கு இரண்டு தடவையும் மூக்கில் புகை கரித்ததே தவிர வேறொன்றும் இல்லை. விட்டுவிடலாமா என்று அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. மூன்றாவது ஞாயிறு காலையிலேயே தொடைக்கறியை விரல் நீளத்துக்கு மெல்லிசாக நறுக்கினேன். எலுமிச்சைப்புல்லின் அடித்தண்டு, சின்ன வெங்காயம், பூண்டு, இஞ்சி, மஞ்சள், வறுத்த தனியா, சீரகம் எல்லாம் விழுதாக அரைத்து, உப்பும் கொஞ்சம் எண்ணெயும், கை நிறையச் சர்க்கரையும் போட்டுப் பிசைந்து ஐந்து மணி நேரம் வைத்தேன். வேர்க்கடலையை வறுத்துக் கொரகொரப்பாகப் பொடித்து, மிளகாய் விழுதும் புளித்தண்ணீரும் தேங்காய்ப்பாலும் சேர்த்துக் கொதிக்கவைத்தேன். எல்லாம் அளவுதான், கரண்டிக் கணக்குதான், கண் தெரியாதவர் படி எண்ணி இறங்குகிற மாதிரி சமைத்தேன். மிச்சப் புல்தண்டின் நுனியை நசுக்கித் தூரிகை மாதிரி ஆக்கி, தேங்காய்ப்பாலில் தோய்த்துத் தடவச் சொல்லி அப்பாவிடம் கொடுத்தேன். நான் விசிறுகிறேன், நீ உள்ளே போய் உட்கார், புகையில் நின்றால் ஒன்றும் தெரியாது என்று அவர் என்னை அனுப்பிவிட்டார்.

நான் பின் அறையில் துணி மடித்துக்கொண்டிருந்தேன். முதலில் தெரிந்தது என்ன தெரியுமா, வாயில் எச்சில் ஊறியது. எதற்கு ஊறுகிறது என்று புரியாமல் விழுங்கினேன், மறுபடி ஊறியது. அப்புறம் ஒன்று வந்தது பாப்பா. எலுமிச்சைத் தோலைக் கிள்ளினால் எப்படியோ அப்படி, ஆனால் எலுமிச்சை இல்லை, புல் வெட்டின தோட்டத்தில் மழை பெய்த மாதிரி ஒரு பச்சை, அதற்குக் கீழே எண்ணெய்ப் புகை, அதற்கும் கீழே வறுத்த கடலை. எனக்கு அது என்னவென்று தெரியவில்லை. தெரியவில்லை என்பதுதான் என்னை உலுக்கியது. மடித்த துணியைக் கீழே போட்டுவிட்டு எழுந்தேன். நடைவழியில் கொஞ்சம் கூடியது, கூடத்தில் இன்னும் கூடியது, நான் அதன் பின்னாலேயே போனேன். பால்கனிக் கதவுக்கு வரும்போது நடுவில் கசப்பாக ஒன்று நுழைந்தது, அது எனக்கு நன்றாகத் தெரியும், பதினெட்டு வருஷம் அதற்குத்தானே காவல் நின்றேன். சர்க்கரை கருகுது, திருப்புங்க என்றேன். அப்பா திரும்பிப் பார்த்து, இல்லையே, எனக்கு ஒரு வாசனையும் வரலையே என்றார், சளியில் மூக்கு அடைத்துப்போய் நிற்கிற மனுஷன். ஓரத்துல பாருங்க என்றேன். ஓரத்தில் இருந்த நாலு குச்சியைத் திருப்பினார், அடிப்பக்கம் கன்னங்கரேல் என்று இருந்தது. அவர் கையில் விசிறின அட்டை அப்படியே நின்றது. நான் சொல்லிக் கொடுக்கலையே, எனக்கே தெரியாதே என்று இரண்டு மூன்று தடவை சொன்னார். அப்புறம் வாளிக்குப் பக்கத்தில் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். நான் கருகாத குச்சி ஒன்றை எடுத்துக் கடலைக் குழம்பில் தோய்த்துக் கடித்தேன். இனிப்பும் புளிப்பும் தெரிந்தது பழைய கதை, அதற்கு மேலே அந்தப் பச்சை வாசம் மூக்கின் பின்புறமாக ஏறியது. நின்றுகொண்டே பதினோரு குச்சி தின்றேன். அப்பா எண்ணியிருக்கிறார்.

மறுநாள் காலை மேனேஜர் அறைக்குப் போய் அடுப்பைத் திருப்பிக் கேட்டேன். சந்தோஷம்க்கா, ஆனா வீட்டுல ஒரு நாள் வந்துச்சுன்னு இருநூறு பேர் சாப்பாட்டை நம்பி எப்படிக் குடுக்கிறது என்று இழுத்தார். அறையில் பீரோவை நகர்த்திப் போட்டிருந்தார்கள், எழுத்தர் இரண்டு பேர் துடைப்பத்தோடு தரையில் குனிந்திருந்தார்கள். மூணு நாளா எங்கேயோ எலி செத்துக் கிடக்குது, கண்டுபிடிக்க முடியல என்றார். நான் நின்று ஒரு மூச்சு இழுத்தேன். எலி இல்ல சார், கொய்யாப்பழம், உங்க மேஜைக்குள்ளதான் இருக்கு, கீழ டிராயர் என்றேன். அவர் சிரித்துக்கொண்டே திறந்தார். போன வாரம் அவர் மனைவி கொடுத்தனுப்பிய பழம், காகிதப் பையோடு கூழாகிக் கிடந்தது. எழுத்தர்கள் பீரோவைப் பார்த்தார்கள், பீரோவை நகர்த்தச் சொன்னவரைப் பார்த்தார்கள். மேனேஜர் டிராயரை மூடினார், மறுபடி திறந்தார், அப்புறம், நாளையிலிருந்து பெரிய அடுப்புக்கா என்றார். கேஸுக்கு மட்டும் ஒரு வாரம் பக்கத்தில் ஆள் நிற்கட்டும் என்று நானே கேட்டுக்கொண்டேன், கெட்டிக்காரத்தனத்தில் உயிரோடு விளையாடக் கூடாது. எல்லாம் திரும்பிவிட்டது என்றும் சொல்ல மாட்டேன். பூண்டு வந்துவிட்டது, சோப்பு வரவில்லை, காபி மட்டும் ரப்பர் எரிகிற நாற்றம் அடிக்கிறது, அதனால் இப்போது டீ குடிக்கிறேன். அதுவும் சரியாகும் என்கிறார் டாக்டர், சரியாகாவிட்டாலும் டீ குடித்துச் செத்தவர் யாரும் இல்லை.

நீ எனக்கு ஒன்று செய்ய வேண்டும். மேலே நான் எழுதியிருக்கும் வாசனையை அந்த வண்டிக்காரரிடம் படித்துக் காட்டி, இப்படித்தானா, ஏதாவது விட்டுப்போயிற்றா என்று கேட்டு எழுது. உன்னிடம் மறைத்ததற்குக் கோபப்படு, ஆனால் ஒரு நாளைக்கு மேல் வேண்டாம். நீயும் எதையாவது இப்படி மறைத்து வைத்திருந்தால் இப்போதே சொல்லிவிடு, கணக்கு நேராகிவிடும். உயரத்தில் காற்று வேகம் கூடினால் யார் என்ன சொன்னாலும் இறங்கிவிடு. இடுப்புப் பட்டையை மாட்டாமல் ஏணியில் கால் வைக்காதே. கைக்கு வந்த வேலை என்றைக்கும் உன்னை விட்டுப் போகாமல், உடம்பும் மனசும் திடமாக, நீ நூறு வருஷம் நன்றாக இருக்க வேண்டும். இன்றைக்குப் பெரிய அடுப்பில் நான் நின்ற முதல் நாள். கீரைக்குழம்பும் உருளைக்கிழங்கு வறுவலும் வைத்தேன். தட்டை வாங்கிக்கொண்டு போனவர்களில் ஒருவர்கூட நின்று ஒரு வார்த்தை பாராட்டவில்லை, பேசிக்கொண்டே போய் உட்கார்ந்து பேசிக்கொண்டே சாப்பிட்டார்கள், காலித் தட்டாக வைத்துவிட்டுப் போனார்கள். நான் தூண் ஓரமாக நின்று இருநூறு தட்டையும் பார்த்தேன்.

இப்படிக்கு,
நிம்மதியாக மூச்சு இழுத்துக்கொண்டிருக்கும்
உன் அம்மா