கப்பலில் ஓர் இடம்

ஏப்ரல் 3, வியாழன்
வெயில். நீண்ட ஆலோசனைக்குப் பின், காலைக் காப்பியை ஏழு மணியிலிருந்து ஆறே முக்காலுக்கு மாற்றுவதென இவ்வீட்டில் தீர்மானிக்கப்பட்டது. இரு தரப்பும் கையெழுத்திடவில்லை, அவ்வளவுதான். காரணம், என் மனைவி பார்வதியின் புது மாத்திரை.

தென்காசியில் ஸ்கேன் முடிவு. கணையத்தில் புற்று. அவளை வெளியே உட்காரச் சொல்லிவிட்டு டாக்டர் மூன்று விரலைக் காட்டினார். 'மாதம்' என்பதை நானே சேர்த்துக்கொண்டேன். பஸ்ஸில் அவளிடம் சொல்லிவிட்டேன். மறைக்கத் தெரியவில்லை. மேலகரம் வரை ஜன்னல் பக்கமே பார்த்தாள். இறங்கும்போது, "கோமதிக்குச் சொல்லக் கூடாது."

ஏப்ரல் 4, வெள்ளி
இளநீர், ஜவ்வரிசி, மாத்திரை. மளிகைக் கடைக்காரருக்கு மறுபடி விளக்கம்: தென்துருவத்துப் பக்கம் ஒரு தீவு, அல்பட்ராஸ் என்ற கடற்பறவை, எங்கள் ஒரே மகள் கோமதி அதன் குஞ்சுகளை எண்ணுகிறாள்.
"எண்ணி யாருகிட்ட குடுப்பா, அண்ணாச்சி?"
ஆளில்லாத தீவு என்கின்றன புத்தகங்கள். ஆராய்ச்சிக்குப் போன ஆறு பேர் ஆளில் சேர்த்தியில்லை போலும்.
செவ்வாயன்று அங்கிருந்து ஊர் திரும்பக் கப்பல். விட்டால் நவம்பர்.

ஏப்ரல் 5, சனி
கோமதியின் ஆபீசுக்கு மெயில் எழுதினால் சாட்டிலைட்டில் அவளுக்குப் போகும். "அம்மாவுக்குக் கொஞ்சம் சுகமில்லை." 'கொஞ்சம்' பொய். அழித்தேன். நாற்பது வருடம் பத்திரிகைகளில் ஊரையே கிண்டல் செய்து எழுதிய கை. பன்னிரண்டு வரைவு. ஒன்றும் தேறவில்லை.

பக்கத்து வீட்டு ஜைனம்பு வந்தாள். கணவர் சவூதியில், தம்மாமில் வேலை. "அவுக அத்தா மவுத்தாகி அடக்கம் பண்ணுனத நாப்பது நாள் கழிச்சுத்தான் சொன்னோம். வேலைய விட்டுட்டு வந்துருவாகல்லா." பார்வதிக்குப் பரம திருப்தி. வாசலில் என்னிடம் மட்டும் மீதி: "அதுலேர்ந்து அவுக எங்கூட சரியாப் பேசுததில்ல."

ஏப்ரல் 6, ஞாயிறு
வாராந்தர போன். பத்து நிமிடம். ஸ்பீக்கரில் கோமதி.
"கப்பல்ல ஒரு எடந்தாம்மா இருக்கு. என் முறை. கூட இருக்க பையனோட பொண்டாட்டிக்கு இது பேறுகால மாசம். விட்டுக் குடுத்துரட்டா? வீட்ல எல்லாம் நல்லாத்தானே இருக்கு?"
"குடுட்டி. இங்கன எங்களுக்கு என்ன கேடு? நீ குஞ்ச எண்ணு."
போன் என் கைக்கு வந்தது. "அப்பா?"
அங்கே குளிரா என்று கேட்டேன். காற்றுதான் என்றாள். லைன் போய்விட்டது.

ஏப்ரல் 7, திங்கள்
வலி. சாப்பாடு இறங்கவில்லை. மதியம் மெயிலை எழுதி முடித்தேன். ஆறு வார்த்தை. பார்வதி சுவரைப் பிடித்து நடந்து வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். அனுப்பாமலே கம்ப்யூட்டரை மூடினேன்.

ஏப்ரல் 8, செவ்வாய்
மேகம். மழை இல்லை. கஞ்சி இரண்டு கரண்டி. கோமதியின் ஆபீசிலிருந்து தகவல்: கப்பல் காலையில் கிளம்பிவிட்டது. ஏறியவர் ஒருவர். அந்தப் பையன்.