மதகடியில் நான் பார்த்த முதுகு

இன்று காலை கறிக்கடையில் நின்றிருந்தேன். கடைக்காரர் கத்தியை ஓங்கித் தொடை எலும்பில் போட்டார். ஒரே சத்தம்தான். கறி வாங்காமலேயே வீட்டுக்குத் திரும்பிவிட்டேன். உன் பிடரியில் அரிவாள் இறங்கியபோது கேட்ட அதே சத்தமடா அது.

அன்றைக்கு நான் என் வயலில் வரப்பு வெட்டிக்கொண்டிருந்தேன். நீ மதகடியில் குனிந்து பலகையைத் தூக்கிக்கொண்டிருந்தாய். பின்னால் ஒருத்தன் வந்தான். தலையில் துண்டு, முதுகெல்லாம் சேறு. முதல் வெட்டிலேயே குப்புற விழுந்தாய். விழுந்த பிறகும் விடவில்லை அந்தப் பாவி. தோளில் ஒன்று, கையில் ஒன்று. இரண்டு விரல் தண்ணீரோடு போய்விட்டது. நான் கத்திக்கொண்டே ஓடி வருவதற்குள் வாழைக்கொல்லைக்குள் புகுந்து மறைந்துவிட்டான். வாய்க்கால் என் வயல் வரைக்கும் சிவப்பாக ஓடியது.

"யாருய்யா வெட்டினது?" என்று இன்ஸ்பெக்டர் கேட்டார். "சேகருங்க" என்றேன். அன்று வியாழக்கிழமை. வியாழக்கிழமை சாயங்காலம் சேகரின் முறைத் தண்ணீர். யாருக்கு எந்தக் கிழமை என்பது ஊருக்கே மனப்பாடம். அவன் முறையில் நீ மதகைத் திறந்தாய், ஆத்திரத்தில் வெட்டிவிட்டான். என் புத்தி அப்படித்தான் ஓடியது. முகத்தைப் பார்த்தேனா? இல்லை. பார்த்தது முதுகு. முகத்தை நானாக ஒட்டிக்கொண்டேன்.

ஆஸ்பத்திரிக்கு மாஜிஸ்திரேட் வந்தார். நீ நினைவோடு இருப்பதாக டாக்டர் எழுதிக் கொடுத்தார். "சேகர்" என்று நீயும் சொன்னாய். ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை, போய்விட்டாய். கண்ணால் பார்த்த சாட்சி, மரண வாக்குமூலம், இரண்டிலும் ஒரே பெயர். இனி அவன் தப்பவே முடியாது என்றார் அரசு வக்கீல். தூக்கில் போடணுங்க என்று நாக்கூசாமல் சொன்னேன்.

நான் சாட்சி சொல்ல வேண்டிய வாரம், சேகரின் பெண்டாட்டி வீட்டுக்கு வந்தாள்.

"அண்ணே, அன்னைக்கி நாங்க ஊர்லயே இல்லண்ணே. வலங்கைமான்ல எங்க அக்கா பேத்திக்கு காதுகுத்து. சொந்தக்காரங்க சொன்னா யாருமே நம்ப மாட்டேங்குறாங்க."

"அப்ப உங்க தண்ணி முறை?"

"காதுகுத்துக்குப் போறோம்னு சொல்லி அதை மாத்திவிட்டுட்டுத்தான் போனாரு. உங்க கூட்டாளிகிட்டதாண்ணே!"

அன்றைக்கு அது உன் முறை. உன் தண்ணீரைத்தான் நீ திறந்தாய்.

தஞ்சாவூர் கோர்ட்டில் கூண்டில் ஏறி எல்லாவற்றையும் கொட்டினேன். யாரிடமும் சொல்லாத ஒன்றையும் சொன்னேன். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன வேனில் என் மடியில் கிடந்தபோது நீதான் கேட்டாய், "யார்ரா அது? பின்னால வந்தான், பாக்கல" என்று. "சேகர்டா" என்றேன். "அவனா? அவனாடா?" என்று முழித்தாய். "என் ரெண்டு கண்ணால பார்த்தேன்டா!" என்று கத்தினேன். அதன் பிறகு நீ ஒன்றும் கேட்கவில்லை. அரசு வக்கீல் என்னைப் பிறழ் சாட்சி என்றார். என்ன வேண்டுமானாலும் சொல்லட்டும்.

சேகர் விடுதலையாகிவிட்டான். உன்னை வெட்டியவன் யாரென்று இன்றுவரை தெரியவில்லை. கோர்ட் வாசலில் உன் பெண்டாட்டி மண்ணை வாரி என்மேல் தூற்றினாள். "சாகுறப்ப அவரு சொன்னதையே பொய்யாக்கிட்டீங்களே, நல்லா இருப்பீங்களா?" என்று கேட்டாள். தலையில் விழுந்த மண்ணைத் தட்டிவிடக்கூட எனக்குக் கை வரவில்லை.

சேகர் அன்றைக்கு ஊரில் இல்லை என்பது உனக்குத் தெரியும். தெரிந்தும் மாஜிஸ்திரேட்டிடம் அவன் பெயரைச் சொன்னாய். நான் பார்த்தேன் என்றதால் சொன்னாய். அதைத்தான் தூக்கிக்கொண்டு அலைகிறேன். என்மேல் உனக்கு அத்தனை நம்பிக்கை எதற்குடா?