சத்தம் குறைந்த இன்ஜின்

பாப்பாவின் அம்மாவுக்கு,

நான் சுகமாகத்தான் இருக்கிறேன். உன் இடுப்பு வலி தேவலையா? பாப்பாவுக்குச் சளி விட்டதா?

ஒரு வருடமாக நாங்கள் பாடுபட்ட ஹெலிகாப்டர் இன்ஜின் போன வாரம் சோதனையில் தேறிவிட்டது. பழையதைவிடச் சத்தம் பாதிதான். ஒப்பிட்டுக் காட்ட இரண்டையும் மாறி மாறி ஓட்டினார்கள். நான் பெருமையாக, "பூனை நடந்த மாதிரி இருக்கு பாருங்க!" என்றேன். சூப்பர்வைசர் காதருகே வந்து கத்தினார்: "யோவ், இப்ப ஓடுறது பழசுய்யா!" எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். நானும் சிரித்து வைத்தேன்.

மறுநாள் டாக்டர் பார்த்தார். வலது காது போய்விட்டதாம், இடது காதில் கொஞ்சம் மிச்சமாம். பயப்படாதே, வேலை போகாது. என் அப்பாவிடம் மட்டும் சொல்லாதே.

சென்ற மாதம் போனில் பாப்பா முதன்முதலாக "அப்பா" என்றாள் அல்லவா? "காதுல விழுந்துச்சா?" என்று கேட்டாய். "விழுந்துச்சு, விழுந்துச்சு" என்றேன். லைன்தான் சரியில்லை என்று நினைத்துப் பொய் சொல்லிவிட்டேன்.

இனி வீடியோவில் கூப்பிடு. முன்னறையில் வெளிச்சம் போதாது, பெரிய பல்பாக வாங்கி மாட்டு. அவள் சொல்லும்போது வாய் எனக்குத் தெரிய வேண்டும்.

கம்பெனி வண்டி வந்து ஹாரன் அடிக்கிறதாம். பக்கத்துக் கட்டில்காரர் தோளைத் தட்டிச் சொல்கிறார்.

உன்னவன்