விசாலத்தை மீட்க ஒரு மனு

16.7.36 வியாழன். வெள்ளவத்தை.
காற்றும் தூறலும். கொடியில் போட்ட வேட்டி காயவில்லை.
ஆபீசிலிருந்து வந்தால் வீடு பூட்டு. விசாலம் இல்லை, அவள் ட்ரங்குப் பெட்டியும் இல்லை. பக்கத்து வீட்டுப் பொன்னம்மாக்கா ஆடிக்கூழோடு வந்தார். "உம்மட மாமனார் காரில வந்து பெட்டையை ஏத்திக்கொண்டு போட்டார், தம்பி." காலையில் விசாலம் ஏதோ சொன்னாள். பேப்பர் வாசித்துக்கொண்டு ஓம் ஓம் என்றேன். என்ன சொன்னாள்?
கூழ், இரண்டு கிண்ணம்.

18.7 சனி.
கொட்டாஞ்சேனை. மா. (மாமனார்) வாசலிலேயே மறித்தார். "ஆடி முடியட்டும் மாப்பிள்ளை. அதுவரைக்கும் நீங்க இங்க வரவே கூடாது." உள்ளே அவள் வளையல் சத்தம். ஆடிக்கும் என் பெண்சாதிக்கும் என்ன சம்பந்தம்? எங்கள் ஊரில் ஆடி பிறந்தால் கூழ் காய்ச்சுவார்கள், அவ்வளவுதான். யாழ்ப்பாணத்தானுக்குப் பெண் இல்லை என்று வைகாசிவரை அடம்பிடித்த இந்தியாக்கார மனுஷன். இப்போது தவணை சொல்லி ஒரேயடியாகப் பிரிக்கப் பார்க்கிறார். போகும்போது பட்டு வேட்டியும் ஒரு டப்பா முறுக்கும் தந்தார். லஞ்சம்!
முறுக்கு நன்றாக இருக்கிறது.

22.7 புதன்.
புதுக்கடைக் கோட்டடியில் ஒரு புரொக்டர் (வக்கீல்). நான் சொல்லி முடிக்குமுன் எழுந்துவிட்டார். "இது ஹேபியஸ் கோர்ப்பஸ், ஐசே! மறிச்சு வைச்சிருக்கிறவர் ஆளோட சுப்ரீம் கோட்டுக்கு வரவேணும்." பத்து வருஷமாக இப்படியொரு கேசுக்குக் காத்திருந்தாராம். சத்தியக்கடதாசி (அபிடவிட்) இங்கிலீஷில் எழுதத் தொடங்கினார்.
"அழுகிறாவோ?"
தெரியாது என்றேன். அழுகிறா என்று எழுதினார். சாப்பாடில்லாமல் மெலிந்துபோனதும் அவர் கைவேலை. கடைசியாக, "உமக்கு எப்பிடி இருக்கு?" என்றார். சொன்னேன். அதையும் எழுதினார். கையெழுத்து வைத்தேன்.
வாங்க: பல்பொடி, மண்ணெண்ணெய் (மறுபடியும்).

13.8 வியாழன். கோட்டு.
மூன்று காரில் குடும்பமே வந்திறங்கியது. விசாலம் புதுப் பட்டுச்சேலையில், கன்னம் இரண்டும் பூரித்து. சாப்பாடில்லாமல் மெலிந்தவள் என்று புரொக்டர் வாசித்தபோது வெள்ளைக்கார நீதிபதி கண்ணாடியைத் துடைத்துப் போட்டு அவளை இன்னொரு தரம் பார்த்தார்.
மா. கும்பிட்டுச் சொன்னார். "ஐயா, எங்க வழக்கத்துல புதுப்பொண்ண ஆடி மாசம் தாய்வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிருவோம். ஆடியில சேர்ந்திருந்தா சித்திரை வெயில்ல பிள்ளை பிறக்கும். ஆவணி ஒண்ணாந்தேதி நாங்களே கொண்டாந்து விட்டிருப்போம்."
இதை இங்கிலீஷில் சொல்ல, மொழிபெயர்க்கும் கோட்டு முதலியார் பட்ட பாடு! கோட்டு முழுக்கச் சிரிப்பு. எனக்குக் காது சுட்டது.
எங்கே போக விருப்பம் என்று நீதிபதி விசாலத்திடம் கேட்டார். அவள் என்னைப் பார்க்கவேயில்லை. "அப்பா வீட்டுக்கு."
மனு தள்ளுபடி. வெளியே மா. "குடும்பத்தையே கோட்டுல ஏத்திட்டீங்களே" என்று முகத்தைத் திருப்பினார். புரொக்டர் கைகுலுக்கி, "அருமையான கேஸ்" என்றார். நாசமாய்ப் போக.
இனி வருவாளோ? பயமாயிருக்கிறது.

15.8 சனி.
பொன்னம்மாக்கா: "நான் அப்பவே சொன்னனான், அவசரப்படாதையும் எண்டு." சொல்லவேயில்லை!

16.8 ஞாயிறு. ஆவணி 1. மழை.
ஆறு மணியிலிருந்து வாசலில், கையில் பேப்பரோடு. பத்துக்குக் கார். மா. இறங்கவில்லை. விசாலம் இறங்கினாள், பெட்டியோடு. கையில் சத்தியக்கடதாசிப் பிரதி. கொன்வென்டில் படித்தவள், ஒரு எழுத்து விடாமல் வாசித்திருக்கிறாள்.
"நான் அழுதேனா?"
"இல்லை."
"மெலிஞ்சேனா?"
"இல்லை."
"சத்தியம் பண்ணிப் பொய் சொன்னா ஜெயிலாம். அப்பா சொன்னாங்க."
கடைசிப் பந்தியில் விரலை வைத்தாள். அவள் போன நாளிலிருந்து எனக்கு நித்திரை இல்லை, திரும்பி வருவாள் என்று குசினி விளக்கை அணைக்காமலே விடுகிறேன் என்று இருந்தது.
"இதுவும் புரொக்டர் எழுதுனதா?"
"அது நான் சொன்னது."
"கோட்டுக்குச் சொன்னீங்க. எங்கிட்ட ஒரு நாளாவது சொன்னீங்களா? இப்பத் தமிழ்ல சொல்லுங்க."
பேப்பரை மடித்து வைத்துவிட்டுச் சொன்னேன். நாலு தரம்.