அங்கம்மாவுக்குக் கொடுக்காத கள்

பெக்கோக் தோட்டம்
ஐப்பசி, 1934

என் மதிப்பிற்குரிய ஐயாவுக்கு,

நான் சுகம். உங்கள் இருமலும் அம்மாவின் முழங்கால் வலியும் குறைந்தனவா?

இங்கே தோட்டத்து ஆஸ்பத்திரியில் ஒரு சிறு சண்டை, பயப்பட ஏதுமில்லை. பிள்ளை பெற்ற அங்கம்மாவுக்கு அவள் மாமியார் செம்பு நிறையக் கள் கொண்டுவந்தாள். பச்சை உடம்புக்குச் சூடு வேண்டுமென்று இவர்கள் கொடுப்பது வழக்கம். நான் அதைச் சாக்கடையில் ஊற்றிவிட்டேன்.

"புள்ள பெக்காத பொண்ணு, எனக்கே புத்தி சொல்றியா?" என்று மாமியார் கத்தினாள்.

"சூடு தோலிலதான் அம்மா. உள்ளுக்கு உடம்பு குளிர்ந்து போகும். கள்ளு பாலோட பிள்ளைக்கும் போகும்" என்றேன்.

அவளிடம் மன்னிப்புக் கேட்காவிட்டால் என் தாதி வேலை போகும் என்கிறார் ஆஸ்பத்திரிப் பொறுப்பாளர் விசுவலிங்கம். கேட்க மாட்டேன், ஐயா.

ஆனால் கள்ளைப் பறித்தால் மட்டும் போதாது, பதிலுக்கு ஏதாவது கொடுக்க வேண்டும். நம் ஊரில் பிள்ளை பெற்றவர்களுக்குக் கொடுக்கும் காயச்சரக்கை இடித்து அனுப்பும்படி அம்மாவிடம் சொல்லுங்கள். மிளகும் மல்லியும் வறுபடும் அந்த வாசம் எனக்கும் வேண்டியிருக்கிறது.

தபால் பையைக் கட்டுகிறார்கள். சரக்கை நிறையவே அனுப்புங்கள். தை மாதத்தில் இங்கே பல பேருக்குப் பிரசவம். நானும் இங்கேதான் இருப்பேன்.

உங்கள் மகள்,
செல்லப்பாக்கியம்