டிவியில் வந்த வீட்டுக்காரர்

மார்ச் 3

என் கோபக்காரிக்கு,

நலமா? போனை எடுக்க மாட்டேன் என்கிறாய், அதனால் எழுதுகிறேன். நேற்று மத்தியானம் சைக்கிள் கடையில் வேலையைப் போட்டது போட்டபடி விட்டுவிட்டு டிவி பார்த்தேன். குடும்பச் சண்டையை ஊர் பார்க்கப் பேசித் தீர்க்கிற அந்த நிகழ்ச்சியில் நீ! சரி, கூப்பிட்டார்கள், நான்தான் வர மறுத்தேன். அதற்காக என் நாற்காலியில் உட்கார்ந்து "என்னை மன்னிச்சிடும்மா" என்று தேம்பிய அந்த மீசைக்காரன் யார்? எதிர்க்கடைக்காரர், "எப்பய்யா மீசை வச்சே?" என்று கேட்டுச் சிரிக்கிறார். மானம் போகிறது.

ஆனாலும் ஒன்று தெரிந்தாக வேண்டும், மண்டை குடைகிறது. நீ அவனிடம் ஏதோ கேட்க வாயெடுத்தாய், அவன் திருதிருவென்று முழித்தான், உடனே விளம்பரம் போட்டுவிட்டார்கள். அப்படி என்ன கேட்டாய்?

உன் அக்கா வீட்டில் இன்னும் எத்தனை நாள் இருப்பாய்? வீடு வீடாக இல்லை.

இப்படிக்கு,
மீசை இல்லாதவன்

மார்ச் 8

என் வீட்டுக்காரருக்கு,

நலம். போனில் எதைக் கேட்டாலும் "ம்" என்பீர்கள். கடிதத்தில் வெறும் "ம்" எழுதி அனுப்ப முடியாதல்லவா? அதனால்தான் எடுக்கவில்லை.

அந்த மீசைக்காரர் உங்கள் இடத்தில் கூலிக்கு நடிக்க வந்தவர். எனக்கும் வாய்விட்டுக் கேட்க எதிரில் ஓர் ஆள் உட்கார்ந்தால் போதும் என்று இருந்தது. பாவம், நல்ல மனுஷர். முடிந்ததும், "சரியா அழுதேனாம்மா?" என்று என்னிடமே கேட்டார்.

நான் அவரிடம் கேட்டது இதுதான்: "பிள்ளை தங்கலைன்னு ஆஸ்பத்திரியில சொன்ன அன்னிக்கு, என்னை வீட்டுல விட்டுட்டு நேரா கடைக்குப் போனீங்களே, எப்படி மனசு வந்துச்சு?" அவருக்கு எழுதிக்கொடுத்ததில் அதற்குப் பதில் இல்லையாம். வெட்டிவிட்டார்கள்.

உங்களிடம் இருந்தால் சொல்லுங்கள். இல்லையென்றால் நான் இங்கேயே இருந்துகொள்கிறேன்.

இப்படிக்கு,
உங்கள் மனைவி

மார்ச் 11

அம்மாடி,

அன்றைக்கு நான் வேலைக்குப் போகவில்லை. கடைக்குள் போய் ஷட்டரை இறக்கிக்கொண்டு அழுதேன். மீசைக்காரன் அழுததெல்லாம் ஒன்றுமே இல்லை. நீ பார்த்தால் இன்னும் உடைந்துபோவாய் என்று பயம். பஞ்சர் பார்க்கிற தொட்டித் தண்ணீரில் முகத்தைக் கழுவிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். "முகத்துல என்ன அழுக்கு?" என்று கேட்டாய். "ம்" என்றேன்.

எனக்கு அவ்வளவுதான் வந்தது.

உன்னவன்

மார்ச் 15

என்னவருக்கு,

சனிக்கிழமை காலை பஸ்ஸில் வருகிறேன். பை கனமாக இருக்கும், ஸ்டாண்டுக்கு வாருங்கள்.

முகம் கழுவாமல் வாருங்கள்.

உங்கள் கோபக்காரி